பதிவேட்டில் இல்லாத ஓர் அடி: கிறிஸ் போர்லண்டின் ஒரு சீசன்

2015 மார்ச் 16 அன்று சான் பிரான்சிஸ்கோ ஃபார்ட்டிநைனர்ஸ் அணியில் எதிரணியின் ஓட்டத்தை மறிக்கிற லைன்பேக்கர் கிறிஸ் போர்லண்ட் ஓய்வு பெறுவதாகச் செய்தி வந்தது. வயது 24. அமெரிக்க ஃபுட்பாலின் உச்ச லீகான என்.எஃப்.எல்.லில் அவர் ஆடியது ஒரே ஒரு சீசன். அணி அவரைக் கழற்றிவிடவில்லை. முழங்கால் போய்விடவில்லை. சரியாகச் சொன்னால், நிலைமை அதற்கு நேர்மாறாக இருந்தது. அதே அணியின் நட்சத்திர லைன்பேக்கர் பேட்ரிக் வில்லிஸ், பாதக் கோளாறுகளால் இனி முடியாது என்று 30 வயதில் விடைபெற்று ஒரு வாரம்கூட ஆகியிருக்கவில்லை. அந்த இடம் அடுத்த பத்து வருடத்துக்குப் போர்லண்டுக்குத்தான் என்று எல்லோரும் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

தலையில் படும் அடிகளால் பின்னாளில் மூளைக்கு வரக்கூடிய பாதிப்பை நினைத்து விலகுகிறேன், இது அந்த ஆபத்துக்குத் தகுந்த வேலையாக எனக்குப் படவில்லை என்பதுதான் அவர் சொன்ன காரணம். அப்போது தனக்கு எந்த அறிகுறியும் இல்லை என்றும் சேர்த்தே சொன்னார்.

சிலர் இதைப் பயம் என்றார்கள், சிலர் வீரம் என்றார்கள். இரண்டையும் ஒதுக்கிவிட்டு, அவருக்கு எப்போது என்ன தெரிந்திருந்தது, எந்த அடி அவரை யோசிக்க வைத்தது, அந்த அடி எந்தக் கணக்கில் ஏறியது என்று பார்த்தால் விஷயம் சுவாரசியமாகிறது. அந்த அடி எந்தக் கணக்கிலும் ஏறவில்லை என்பதுதான் இதில் என்னை இழுத்தது.

லைன்பேக்கர் செய்யும் வேலை

டிஃபென்ஸ் ஆடும் பதினொரு பேரில் முன்வரிசைக்காரர்கள் எதிரணியின் பெருத்த உடம்புகளோடு கைகோத்து மல்லுக்கட்டுவார்கள். அவர்களுக்கு நாலைந்து யார்டு பின்னால் நிற்பவர்தான் இன்சைட் லைன்பேக்கர். பந்து கிளம்பியதும் ஓட்டமா, பாஸா என்று கண்ணிமைக்கும் நேரத்தில் முடிவு செய்ய வேண்டும். ஓட்டம் என்றால் முன்வரிசையில் திறக்கிற சந்துக்குள் இவரும் முழுவேகத்தில் ஓட வேண்டும். எதிரே பந்தோடு ரன்னிங் பேக் வருவார். அவருக்கு முன்னால், வழியைத் துப்புரவாக்குவதற்கென்றே ஃபுல்பேக் என்று ஒருவர் வருவார். கபடியில் ரைடரை மறிக்கிற டிஃபென்டரின் வேலைதான். ஆனால் மோதுகிற இருவரும் நூறு கிலோவைத் தொட்டவர்கள் அல்லது தாண்டியவர்கள், இருவருமே எதிரெதிரே ஓடிவருகிறவர்கள், ஓர் ஆட்டத்தில் இப்படி அறுபது எழுபது முறை இறங்க வேண்டும்.

பந்து வைத்திருப்பவரைக் கீழே தள்ளினால் ஒரு டேக்கிள் கணக்காகும். வழியில் ஃபுல்பேக்கோடும் முன்வரிசைக்காரரோடும் முட்டிக்கொண்டதற்கு எந்தக் கணக்கும் கிடையாது. போர்லண்டின் கதையில் இது முக்கியம். அவரைப் பிரபலமாக்கிய டேக்கிள் எண்ணிக்கையே அவர் எத்தனை முறை மோதினார் என்பதன் அரைகுறைப் பட்டியல்தான்.

விஸ்கான்சினில்

ஒஹையோ மாநிலத்தின் கெட்டரிங் ஊர்க்காரர். பதினான்கு வயதில்தான் மோதி ஆடும் ஃபுட்பாலுக்கு வந்தார். அதற்கு முன் ஆடியவற்றில் நாம் கால்பந்து என்கிற சாக்கரும் ஒன்று. எட்டாம் வகுப்பில் சாக்கர் ஆடும்போது ஒரு கன்கஷன் (அடியால் மூளை அதிர்வது), உயர்நிலைப் பள்ளியில் ஃபுட்பாலில் இன்னொன்று. வாழ்நாளில் மருத்துவர் உறுதி செய்த கன்கஷன்கள் என்று அவர் பிறகு சொன்னவை இந்த இரண்டு மட்டுமே.

விஸ்கான்சின் பல்கலைக்கழக அணியில் 2009இல் சேர்ந்தார். உயரம் ஆறடிக்கு ஓர் அங்குலம் குறைவு. இந்த இடத்துக்கு அது குட்டைதான். இருந்தும் முதல் வருடத்திலேயே பிக் டென் என்ற பல்கலைக்கழக அணிகளின் தொகுப்பில் சிறந்த புதுமுகம் என்று தேர்வானார். 2010 சீசன் தோள் காயத்தில் போயிற்று. திரும்பி வந்து 2011, 2012, 2013 மூன்று சீசன்கள் ஆடினார். கல்லூரிக் கணக்கை மூடும்போது 420 டேக்கிள்கள், பாஸ் எறிபவரை எறியும் முன்பே வீழ்த்திய சேக்குகள் 17, எதிராளி கையிலிருந்து பந்தைத் தட்டிவிட்ட ஃபம்பிள்கள் 15. 2013இல் பிக் டென்னின் சிறந்த டிஃபென்ஸ் வீரர் விருதும் அவருக்குத்தான். பட்டம் வாங்கியது வரலாற்றுப் பாடத்தில். பத்திரிகைகளும் ஆய்வுகளும் படித்துத் தானாக முடிவெடுத்தவர் என்பதால் இதையும் சொல்லி வைக்கிறேன், அவ்வளவுதான்.

என்.எஃப்.எல். அணிகள் முறைவைத்துப் புது வீரர்களை எடுக்கும் டிராஃப்ட் 2014 மே மாதம் நடந்தது. அதன் மூன்றாம் சுற்றில், ஒட்டுமொத்தத்தில் 77ஆவது ஆளாக ஃபார்ட்டிநைனர்ஸ் அவரை எடுத்தது. நான்கு வருட ஒப்பந்தம், ஏறக்குறைய 30 லட்சம் டாலர். அதில் கையெழுத்து போனஸ் மட்டும் 6,17,436 டாலர்.

ஆகஸ்டில் விழுந்த அடி

சீசனுக்கு முந்தைய பயிற்சி முகாமுக்கு ஓர் என்.எஃப்.எல். அணி 90 பேரை அழைத்து வரும். சீசன் தொடங்கும்போது 53 பேர்தான் மிஞ்ச வேண்டும். மூன்றாம் சுற்றில் வந்த புதுமுகத்துக்குப் பெரும்பாலும் இடம் உண்டு என்றாலும், ஆட வாய்ப்பு கிடைக்குமா என்பது அந்தச் சில வாரங்களில்தான் முடிவாகும்.

2014 ஆகஸ்டில் ஒரு சாதாரணப் பயிற்சி நாள். ஓட்டத்தை அடைக்கும் வழக்கமான பயிற்சி. போர்லண்ட் சந்துக்குள் பாய்ந்தார். எதிரே 130 கிலோ அளவில் இருந்த ஒரு ஃபுல்பேக். தலையோடு மோதல். கீழே விழவில்லை, மயங்கவில்லை. ஆனால் தலை கிறுகிறுத்தது. கன்கஷனாக இருக்கலாம் என்று அவருக்கே தோன்றியது. அணி மருத்துவரிடம் போகவில்லை. தொடர்ந்து ஆடினார். இடம் பிடிக்கப் போராடிக்கொண்டிருந்த நேரம்.

அந்த நாளில் தனக்குள் கேட்டுக்கொண்டதைப் பின்னர் விளையாட்டுத் தொலைக்காட்சியான ஈ.எஸ்.பி.என்.னிடம் சொன்னார்: நான் என்ன செய்துகொண்டிருக்கிறேன், ஆபத்து தெரிந்த பிறகும் பெரியவனாகி இப்படித்தான் தலையை முட்டிக்கொண்டு வாழப்போகிறேனா என்ற அர்த்தத்தில். அப்புறம் நடந்ததுதான் பலர் கவனிக்காத விவரம். ஹூஸ்டனில் நடக்கவிருந்த நான்காவது முன்பருவ ஆட்டத்துக்கு முன்னால் பெற்றோருக்கு ஒரு கடிதம் எழுதினார். தலைக்காயம் குறித்த கவலையால் என் என்.எஃப்.எல். வாழ்க்கை நீண்டதாக இருக்காது என்று அதில் சொல்லியிருந்தார். அதாவது, ஒரு அதிகாரபூர்வ ஆட்டம்கூட ஆடுவதற்கு முன்பே. மார்ச்சில் உலகத்துக்கு அதிர்ச்சியாக இருந்த முடிவின் விதை ஆகஸ்டிலேயே காகிதத்தில் இருந்தது.

சரி, அப்படியானால் ஏன் ஆடினார்? வெளியிலிருந்து கேட்க எளிய கேள்வி. பத்து வருடமாக உழைத்து வந்த வாசல் திறந்திருக்கிறது. தனக்கு என்ன ஆயிற்று என்று உறுதியாகத் தெரியாது, படித்ததும் குறைவு. ஒரு சீசன் ஆடிக்கொண்டே தேடிப் படித்தார். முடிவு ஒரே இரவில் வரவில்லை. வந்திருந்தால்தான் நான் அதைச் சந்தேகப்பட்டிருப்பேன்.

மூன்று வாரம், 48 டேக்கிள்

முதல் சில ஆட்டங்களில் பெரும்பாலும் ஓரத்தில்தான். நவோரோ போமன் என்ற இன்னொரு பெரிய லைன்பேக்கர் முழங்கால் காயத்தால் அந்த சீசன் முழுக்க இல்லை. அக்டோபர் நடுவில் வில்லிஸுக்குக் கால்விரலில் அடி. புதுமுகம் உள்ளே வந்தார்.

நவம்பர் 2, செயின்ட் லூயிஸ் ராம்ஸுக்கு எதிராக 18 டேக்கிள்கள். அடுத்த வாரம் நியூ ஆர்லியன்ஸில் 17. கூடுதல் நேரத்தில் எதிரணியின் ட்ரூ பிரீஸ் கையிலிருந்து தன் சக வீரர் தட்டிவிட்ட பந்தை விழுந்து அள்ளியவரும் இவரே, அதிலிருந்து உதைத்து எடுத்த ஃபீல்டு கோலில் அணி வென்றது. நவம்பர் 16, நியூயார்க் ஜயன்ட்ஸுக்கு எதிராக 13, கூடவே இரண்டு இன்டர்செப்ஷன், அதாவது எதிரணி எறிந்த பந்தை இடையில் பிடிப்பது. இரண்டாவதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். ஃபார்ட்டிநைனர்ஸ் 16-10 என்று முன்னிலை. ஆட்டம் முடியும் தறுவாயில் ஜயன்ட்ஸ் கோல் கோட்டுக்கு நான்கு யார்டு தொலைவில். கிடைக்கிற நான்கில் மூன்று முயற்சி வீணாயிற்று. நான்காவதில் ஜயன்ட்ஸின் ஈலை மேனிங் எறிந்த பந்து ஃபார்ட்டிநைனர்ஸ் வீரர் ஒருவரின் கையில் பட்டுத் தெறித்தது. கோல் கோட்டுக்கு அப்பாலுள்ள எண்ட் ஸோனில் சரியான இடத்தில் நின்ற போர்லண்ட் பிடித்துக்கொண்டார். ஆட்டத்தின் முடிவு அங்கேயே உறுதியானது.

அந்த மாதத்தின் சிறந்த புதுமுக டிஃபென்ஸ் வீரர் விருது வந்தது. டிசம்பரில் கணுக்கால் காயம் அவர் சீசனை முடித்தது. மொத்தம் 14 ஆட்டம், அதில் 8இல் தொடக்கத்திலிருந்தே. 107 டேக்கிள்கள். மூன்றாம் சுற்றில் எடுத்த ஒருவரிடமிருந்து இதைவிட அதிகம் எந்த அணியும் எதிர்பார்க்காது.

மேலே உள்ள எண்களை இன்னொரு முறை படியுங்கள், டேக்கிளுக்குப் பதில் மோதல் என்று வைத்து. மூன்று ஞாயிற்றுக்கிழமைகளில் குறைந்தது 48.

அவர் கையில் இருந்த தகவல்

சி.டி.ஈ. என்ற மூளைச் சிதைவு நோய் குத்துச்சண்டைக்காரர்களிடம் நெடுநாளாகத் தெரிந்திருந்தது. திரும்பத் திரும்பப் படும் அடியால் டௌ என்ற புரதம் மூளையில் திரண்டு, நினைவும் நிதானமும் மனநிலையும் மெல்லச் சிதைகின்றன. ஃபுட்பால்காரர் ஒருவரிடம் அதை முதலில் கண்டுபிடித்தவர் பென்னெட் ஒமாலு. 2002இல் இறந்த பிட்ஸ்பர்க் வீரர் மைக் வெப்ஸ்டரின் மூளையில். கட்டுரை வெளியானது 2005இல். 2011இல் முன்னாள் வீரர் டேவ் டூவர்சன் தன் மூளையை ஆராய்ச்சிக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டு உயிரை மாய்த்துக்கொண்டார். போர்லண்ட் விலகும்போது பெயர் சொல்லிக் குறிப்பிட்ட முன்னாள் வீரர்களில் இவ்விருவரும் உண்டு.

லைன்பேக்கர் என்ற முறையில் அவருக்கு இன்னும் நெருக்கமான உதாரணம் ஜூனியர் சேயாவ். தெற்குக் கலிபோர்னியா பல்கலைக்கழகம், 1990 டிராஃப்டில் ஐந்தாவது ஆள், சான் டியேகோ, மயாமி, நியூ இங்கிலாந்து என்று 20 சீசன்கள், 12 முறை புரோ பவுல் என்ற நட்சத்திர ஆட்டத்துக்குத் தேர்வு. 2012 மே 2 அன்று 43 வயதில் தற்கொலை. அவருக்கு சி.டி.ஈ. இருந்ததை அமெரிக்க அரசின் தேசியச் சுகாதார நிறுவனம் 2013 ஜனவரியில் உறுதி செய்தது. இருபது வருடத்தில் அணிகளின் காயப் பட்டியலில் சேயாவ் பெயருக்கு நேரே கன்கஷன் என்று ஒருமுறைகூட வந்ததில்லை. பதிவேடு சுத்தம், மூளை அப்படியில்லை.

போர்லண்டின் சீசன் தொடங்கிய அதே 2014 செப்டம்பரில் இரண்டு தகவல்கள் வெளியாயின. முன்னாள் வீரர்கள் தொடுத்த வழக்கில், ஏறத்தாழ பத்தில் மூன்று பேருக்கு அல்ஸைமர் அல்லது மிதமான மறதிநோய் வரும் என்று லீக் தரப்பின் சொந்தக் கணக்காளர்களே மதிப்பிட்டு நீதிமன்றத்தில் தாக்கல் செய்திருந்தார்கள். பாஸ்டன் பல்கலைக்கழகத்துடன் இணைந்த மூளை வங்கியில், பரிசோதித்த 79 என்.எஃப்.எல். மூளைகளில் 76இல் சி.டி.ஈ. இருந்தது.

இந்த இரண்டாவது எண்ணை எச்சரிக்கையோடுதான் கையாள வேண்டும். கோளாறு தெரிந்த குடும்பங்கள்தான் மூளையை அனுப்பும் என்பதால் அது எல்லா வீரர்களுக்குமான விகிதம் ஆகாது. 2017இல் வந்த 111க்கு 110 என்ற பிரபலமான எண்ணுக்கும் இதே குறை உண்டு. இதைச் சுட்டிக்காட்டி மொத்தத்தையும் ஒதுக்கியவர்கள் அன்றும் இருந்தார்கள். போர்லண்டின் வாதம் அந்த விகிதத்தின் மேல் நிற்கவில்லை என்பதை அவர்கள் கவனிக்கவில்லை. ஆபத்து எவ்வளவு என்று யாராலும் சொல்ல முடியாது, அறிகுறி வந்த பிறகு திரும்பிப் போக வழியில்லை, நோயை உறுதி செய்ய இறந்த பிறகுதான் முடியும். அப்படியிருக்க எதற்காகக் காத்திருப்பது என்பதுதான் அவர் கேட்டது.

ஆராய்ச்சி பின்னாளில் அவர் பக்கமே நகர்ந்தது. கன்கஷன் எண்ணிக்கையைவிட, கன்கஷன் அளவுக்குப் போகாத சிறிய அடிகளின் மொத்தச் சுமையே சி.டி.ஈ.க்கு வழி என்று 2018இல் வந்த ஆய்வு காட்டியது. மோதி ஆடும் ஒவ்வொரு கூடுதல் வருடமும் நோய்க்கான வாய்ப்பை 30 சதவீதம் கூட்டுகிறது என்று அடுத்த வருடம் இன்னோர் ஆய்வு சொன்னது. போர்லண்ட் ஆடியது ஏறக்குறைய பத்து வருடம். அந்தக் கணக்கைத் தனி ஒருவர் மேல் போட்டுப் பார்ப்பது சரியில்லை. ஆனால் நிறுத்தினால் பயன் உண்டா என்ற கேள்விக்கு அது பதில்தான்.

எதிர்வினையும் பில்லும்

செய்தி வந்த ஓரிரு நாளில், லீகின் சொந்தத் தொலைக்காட்சியில் பிட்ஸ்பர்க் அணியின் நரம்பு அறுவை மருத்துவர் ஜோசஃப் மரூன் பேசினார். சி.டி.ஈ. உண்மைதான், ஆனால் மிகைப்படுத்துகிறார்கள் என்றார். சிறுவர்கள் ஃபுட்பால் ஆடுவதைவிட சைக்கிளும் ஸ்கேட்போர்டும் ஆபத்து என்றார். லீக் தரப்பில் ஜெஃப் மில்லர், போர்லண்டின் முடிவை மதிப்பதாகவும் விளையாட்டு முன்னெப்போதையும்விடப் பாதுகாப்பாக இருப்பதாகவும் சொன்னார். இதே மில்லர் 2016 மார்ச்சில் நாடாளுமன்ற உறுப்பினர்கள் முன்னால், ஃபுட்பாலுக்கும் சி.டி.ஈ. போன்ற நோய்களுக்கும் தொடர்பு உண்டா என்று கேட்டபோது, நிச்சயமாக உண்டு என்று ஒப்புக்கொண்டார். இடையில் ஒரே ஒரு வருடம்.

ஓய்வு அறிவித்த பிறகும் போதைமருந்துச் சோதனைக்கு வரச்சொல்லி லீக் கேட்டது. போர்லண்டுக்குச் சந்தேகம். லீகுக்கு மாதிரியைக் கொடுத்ததோடு, தன் செலவில் தனி ஆய்வகத்திலும் ஒரு சோதனை செய்து வைத்துக்கொண்டார்.

பணத்தைப் பேசாமல் இந்தக் கதை முழுமையாகாது. கையெழுத்து போனஸ் நான்கு வருடத்துக்குமாகக் கொடுக்கப்பட்டது. ஒரு வருடம்தான் ஆடினார். மீதி முக்கால் பங்கு, 4,63,077 டாலர், திருப்பித் தர வேண்டியதாயிற்று. வரவிருந்த சம்பளமும், நன்றாக ஆடியிருந்தால் அடுத்த ஒப்பந்தத்தில் வந்திருக்கக்கூடிய கோடிகளும் தனி. கையில் பட்டம், தலையில் குடும்பச் சுமை இல்லை, வயது 24. எல்லாரும் இவரைப் போல விலகலாமே என்று சொல்வது இதனால்தான் எனக்கு ஒப்பவில்லை. வீட்டில் பத்துப் பேர் ஒருவர் சம்பளத்தை நம்பியிருக்கும்போது அந்தக் கணக்கு வேறு மாதிரி வரும். விலக முடிந்தது அவருடைய தெளிவால் மட்டும் அல்ல.

பதிவாகிய அடிகள்: கீக்லி

ஒப்பிட இன்னொருவர் வேண்டுமென்றால் லூக் கீக்லி. இவரும் ஒஹையோக்காரர்தான், சின்சினாட்டி. பாஸ்டன் கல்லூரியில் மூன்றே சீசனில் 532 டேக்கிள்கள். 2012 டிராஃப்டில் ஒன்பதாவது ஆளாகக் கரோலினா பேந்தர்ஸ். இரண்டாம் வருடமே லீகின் சிறந்த டிஃபென்ஸ் வீரர். 2015இல் முதல் கன்கஷன், மூன்று ஆட்டம் இல்லை. 2016 நவம்பர் 17 இரவு இரண்டாவது. ஆடுகளத்தில் எழ முடியாமல், மூச்சு வாங்கிக்கொண்டு, தேம்பி அழுதபடி வண்டியில் அவரை ஏற்றிப் போனதை நாடே நேரலையில் பார்த்தது. அந்த சீசனின் மீதி ஆறு ஆட்டமும் போயிற்று. 2017இல் மூன்றாவது. அதன் பிறகும் இரண்டு சீசன் உச்சத்தில் ஆடிவிட்டு, 2020 ஜனவரி 14 அன்று 28 வயதில் விலகினார். இந்த முறை யாரும் பெரிதாகச் சண்டைக்கு வரவில்லை. ஐந்து வருடத்தில் பேச்சு மாறியிருந்தது என்பது ஒரு காரணம். கீக்லியின் அடிகளை எல்லோரும் கண்ணால் பார்த்திருந்தார்கள் என்பது இன்னொரு காரணம், என் கணிப்பில் அதுவே பெரியது. போர்லண்டிடம் காட்ட அப்படி எதுவும் இல்லை. தொழில்முறை ஆட்டத்தில் பதிவான கன்கஷன் பூஜ்யம்.

பயிற்சி முகாம் இன்று

போர்லண்ட் விலகிய ஒரு வாரத்தில் அணி உரிமையாளர்கள் ஒரு விதியை நிறைவேற்றினார்கள். மைதானத்தின் மேலிருந்து பார்க்கும் கண்காணிப்பாளர், தடுமாறும் வீரரைக் கண்டால் ஆட்டத்தையே நிறுத்தலாம். அந்த வருட இறுதிப் போட்டியான சூப்பர் பவுலில் நியூ இங்கிலாந்து வீரர் ஜூலியன் எடல்மன் பட்ட அடிதான் அதற்குத் தூண்டுதல், போர்லண்ட் அல்ல. நல்ல விதிதான், ஆனால் போர்லண்டுக்கு அடி விழுந்தது ஆட்டத்தில் இல்லையே.

ஆறு கல்லூரி அணிகளின் 658 வீரர்களை ஐந்து சீசன் தொடர்ந்து கவனித்த ஓர் ஆய்வு 2021இல் வந்தது. கன்கஷன்களில் 72 சதவீதம் பயிற்சியில் நேர்ந்தவை. கிட்டத்தட்ட பாதி, 48.5 சதவீதம், சீசனுக்கு முந்தைய முகாம் வாரங்களில். ஆகஸ்ட் மாதம்தான் ஆபத்தானது என்று எண்ணில் வந்தது.

2022 முகாமிலிருந்து ஹெல்மெட்டுக்கு மேல் கார்டியன் கேப் என்ற மெத்தை உறையை என்.எஃப்.எல். கட்டாயமாக்கியது, முதலில் முன்வரிசைக்காரர்கள், டைட் எண்டுகள், லைன்பேக்கர்களுக்கு. அடுத்த வருடம் ரன்னிங் பேக்குகளையும் ஃபுல்பேக்குகளையும் சேர்த்தார்கள். 2014இல் அந்தச் சந்தில் மோதிக்கொண்ட இருவர் தலையிலும் இன்றைக்கு உறையோ, அதற்கு நிகரென்று லீக் ஏற்ற ஹெல்மெட்டோ இருக்கும். தலை கிறுகிறுத்தால் வாய்திறந்து சொல்ல வேண்டியது இன்றும் பெரும்பாலும் வீரர்தான். முகாமுக்கு இப்போதும் 90 பேர் வருகிறார்கள், 53 பேர் மிஞ்சுகிறார்கள்.